யார் முடிவு செய்கிறார்கள்? – அடிமை வரலாற்றைக் குழந்தைகளோடு படக்கதைகளில் படிக்கும் முறை

வர்ஜீனியா மாநிலத்தில் ரிச்மண்டைச் சுற்றிக் குடியிருக்கும் தமிழ்க் குடும்பங்கள் என்னிடம் அடிக்கடி கேட்பது இது: "பள்ளியில் அடிமை முறை பற்றிப் பாடம் வரப்போகிறது. அதற்கு முன்னால் வீட்டில் எப்படிச் சொல்வது, எந்த வயதில் சொல்வது?" தமிழ்ப் பள்ளியில் சிறு வகுப்புகளுக்குக் கதை வாசிக்கிறவள் என்பதால் கேட்கிறார்கள். இந்த ஊரில் அந்தப் பேச்சைத் தள்ளிப்போட வழியும் இல்லை. ஆற்றங்கரையை ஒட்டிய ஷாக்கோ பாட்டம் என்ற பகுதி, அமெரிக்க உள்நாட்டுப் போருக்கு முன்பு மனிதர்களை ஏலம் விட்ட பெரிய சந்தை. இன்று அங்கே உணவகங்கள் இருக்கின்றன. வார இறுதியில் பிள்ளைகளோடு சாப்பிடப் போகிறோம்.

ஐந்து வயதிலேயே தொடங்கலாம் என்பது என் பதில். படக்கதைப் புத்தகங்கள் அதற்குப் போதும். ஆனால் எதை முதலில் எடுப்பது, எதைப் பிறகு எடுப்பது, எங்கே நிறுத்துவது என்பதில் கவனம் வேண்டும். பெரும்பாலான பெற்றோர் நல்லெண்ணத்தோடு சங்கிலி, சவுக்கு, கப்பல் என்று ஆரம்பிக்கிறார்கள். குழந்தையின் மனதில் அடிமை என்றால் அடி வாங்குகிறவர் என்று மட்டும் பதிந்துவிடுகிறது. அவருக்குப் பெயர் இருந்தது, கைத்தொழில் இருந்தது, குடும்பம் இருந்தது என்பது அதற்குப் பிறகு ஏறுவதே இல்லை. அதனால் முதலில் மனிதரைக் காட்டுங்கள். பறிக்கப்பட்டது என்ன என்பது அவரை அறிந்த பிறகுதான் புரியும்.

எந்தப் புத்தகத்தை எடுத்தாலும் நான் ஒரே ஒரு கேள்வியைத்தான் திரும்பத் திரும்பக் கேட்கிறேன். "இதை யார் முடிவு செய்கிறார்கள்?" படத்தில் ஒருவர் வயலில் நிற்கிறார். இன்றைக்கு வேலைக்கு வரவேண்டும் என்று முடிவு செய்தது யார்? இரவு எங்கே தூங்குகிறார், அந்த இடத்தை முடிவு செய்தது யார்? அவருடைய மகள் எந்த ஊரில் வளர்வாள் என்று முடிவு செய்வது யார்? ஆறு வயதுப் பிள்ளைக்குச் சட்டம் தெரியாது, பொருளாதாரம் தெரியாது. யார் சொன்னபடி நடக்கிறது என்பது மிக நன்றாகத் தெரியும். விடுதலை என்ற சொல்லுக்கும் அதே கேள்வியே பொருள் சொல்லிவிடும்.

இந்தக் கேள்வியைக் கேட்டால் ஒரு பதில் கட்டாயம் வரும், தயாராக இருங்கள். "நான் எப்போது தூங்க வேண்டும் என்று அம்மாதானே முடிவு செய்கிறார், அப்படியென்றால் நானும் அடிமையா?" என்று ஒரு சிறுமி கேட்டாள். சிரித்து ஒதுக்கக் கூடாத கேள்வி. "அம்மா முடிவு செய்வது நீ நன்றாக இருப்பதற்காக. நீ வளர வளர ஒவ்வொன்றாக உன் கைக்கு வரும். உன்னை விற்க அம்மாவாலும் முடியாது, வேறு யாராலும் முடியாது. அவர்களை விற்க முடிந்தது, அதுவும் சட்டப்படி" என்று சொன்னேன். நெடுநேரம் யோசித்தாள். அந்த யோசனையின் நடுவே நாம் பேசக் கூடாது.

வாசிப்பதற்கு முன்பு புத்தகத்தைத் தனியாக ஒருமுறை முழுக்கப் படித்துவிடுங்கள். கடைசிப் பக்கத்தில் பொடி எழுத்தில் இருக்கும் ஆசிரியர் குறிப்பையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். நடந்தது எது, கற்பனை எது என்பது பெரும்பாலும் அங்கேதான் இருக்கும். பிறகு ஆங்கில வரிகளை அப்படியே வாசிக்காமல், படத்தைக் காட்டித் தமிழில் சொல்லுங்கள். தமிழில் சொல்லும்போது நீங்களே சொல் தேட வேண்டியிருக்கிறது, வேகம் தானாகக் குறைகிறது. குழந்தைக்குப் படத்தைப் பார்க்க நேரம் கிடைக்கிறது. தூங்கப்போகும் நேரத்தில் மட்டும் இந்தப் புத்தகங்கள் வேண்டாம். கேள்வி கேட்கவும், எழுந்து ஓடவும், திரும்பி வந்து மறுபடி கேட்கவும் வெளிச்சமுள்ள பொழுது வேண்டும்.

முதல் புத்தகமாக நான் எடுப்பது 2010இல் வந்த 'டேவ் த பாட்டர்'. லாபன் கேரிக் ஹில் எழுதி, பிரையன் காலியர் படம் வரைந்தது. டேவ் என்ற டேவிட் டிரேக், தென் கரோலினாவின் எட்ஜ்ஃபீல்டு பகுதியில் அடிமையாக இருந்த குயவர். அவர் செய்த சில ஜாடிகள் 40 கேலன் கொள்ளும், அதாவது ஏறக்குறைய 150 லிட்டர். மண் எப்படி வருகிறது, தண்ணீர் எப்படிச் சேர்கிறது, சக்கரம் எப்படிச் சுழல்கிறது என்றே புத்தகம் போகிறது. கைகள் மண்ணை மேலே இழுத்து வடிவம் கொடுப்பதைக் காட்டும் பக்கம் ஒன்று மடிப்பாக விரிகிறது. அங்கே நிறுத்துங்கள். குழந்தையின் கையைப் படத்தின் மேல் வைக்கச் சொல்லுங்கள். "இந்த ஜாடியின் வடிவத்தை யார் முடிவு செய்கிறார்கள்?" டேவ்தான். "விற்ற பணம் யாருக்குப் போகும் என்பதை?" டேவ் இல்லை. இந்த இரண்டு பதில்களுக்கு இடையில் இருப்பதுதான் பாடம் முழுவதும்.

டேவ் ஈரமண்ணில் குச்சியால் இரண்டிரண்டு வரிக் கவிதைகள் எழுதினார், தன் பெயரையும் தேதியையும் போட்டார். தென் கரோலினா 1834இல் அடிமைகளுக்கு எழுதப் படிக்கக் கற்றுத்தருவதைத் தடை செய்து சட்டம் போட்ட மாநிலம். 1857 ஆகஸ்ட் 16ஆம் தேதி இட்ட ஒரு ஜாடியில், தன் உறவினர் எல்லாம் எங்கே இருக்கிறார்களோ என்று கேட்டு, எல்லா நாட்டாருக்கும் நட்பு சொல்கிறார். எட்டு வயதுப் பிள்ளைகளுக்கு இந்த ஒரு ஜாடியே போதும். பெயரும் சொந்தமும் இல்லாதவராக நடத்தப்பட்ட ஒருவர், சுட்டால் அழியாத மண்ணில் அவை இரண்டையும் எழுதி வைத்திருக்கிறார்.

அடுத்தது ஹென்றி பிரவுன். ரிச்மண்டில் வாழ்வதால் எனக்கு இவர் மேல் தனிப் பற்று உண்டு. எல்லன் லெவின் எழுதி, காதிர் நெல்சன் படம் வரைந்து 2007இல் வெளியான 'ஹென்றிஸ் ஃப்ரீடம் பாக்ஸ்' ஏழு வயதுக்கு மேல் ஏற்றது. தனக்கு எத்தனை வயது என்று ஹென்றிக்குத் தெரியாது என்று கதை தொடங்குகிறது. அடிமைக் குழந்தைகளுக்குப் பிறந்தநாள் தெரியவிடப்படவில்லை. பிறந்தநாளை மாதக்கணக்கில் எதிர்பார்த்துக் கிடக்கும் பிள்ளைகளை இந்த ஒரு செய்தி உலுக்கிவிடும். அடிமையாகப் பிறந்து பிற்காலத்தில் பெரும் பேச்சாளராக விளங்கிய ஃபிரெடரிக் டக்ளஸும் தான் பிறந்த நாளை அறியாதவர்தான் என்பதை அப்போதே சொல்லிவிடலாம்.

தாய், மரத்திலிருந்து பிய்ந்து காற்றில் போகும் இலைகளைக் காட்டி, குடும்பத்திலிருந்து குழந்தைகள் பிரிக்கப்படுவதை மகனுக்குச் சொல்லும் பக்கத்தை அவசரமாகத் திருப்பாதீர்கள். பின்னால் வருவதற்கு அதுதான் வாசல். வளர்ந்த ஹென்றி ரிச்மண்டின் புகையிலைத் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். மனைவி நான்சிக்கு வேறொரு எசமானர். மனைவி தன்னோடு இருப்பதற்காக ஹென்றி அந்த எசமானருக்குப் பணம் கட்டியும் வந்தார். 1848இல் நான்சியும் குழந்தைகளும் வட கரோலினாவுக்குப் போகும்படி விற்கப்பட்டார்கள். வரிசையில் நடத்திச் செல்லப்பட்ட மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு நான்கு மைல் தூரம் கூடவே நடந்ததாக ஹென்றி பின்னாளில் எழுதினார். நான்கு மைல் என்றால் நம் வீட்டிலிருந்து எது வரைக்கும் என்று குழந்தைக்கு ஓர் இடத்தைச் சொல்லுங்கள்.

பிறகுதான் பெட்டி. 1849 மார்ச் 23ஆம் தேதி தன்னையே ஒரு மரப்பெட்டியில் அடைத்துச் சரக்காக, அடிமை முறை இல்லாத ஃபிலடெல்ஃபியாவுக்கு அனுப்பிக்கொண்டார். 3 அடி நீளம், 2 அடி அகலம், உயரம் இரண்டரை அடிக்குச் சற்று மேல். ஆளோ 5 அடி 8 அங்குலம், 90 கிலோ எடை. உள்ளே கொஞ்சம் பிஸ்கட், கொஞ்சம் தண்ணீர், மூச்சுக்காகச் சிறு துளைகள். வண்டி, ரயில், நீராவிப் படகு, மறுபடி ரயில் என்று 27 மணி நேரம். வழியில் பெட்டியைத் தலைகீழாக வைத்துவிட்டார்கள். இரண்டு பேர் உட்கார இடம் வேண்டும் என்று அதைப் புரட்டிப் போட்டதால்தான் பிழைத்தார்.

இந்த இடத்தில் நான் வகுப்பின் தரையில் சாக்பீஸால் 3 அடிக்கு 2 அடி கோடு போடுகிறேன். அளவுநாடாவைப் பிள்ளைகளே பிடிக்க வேண்டும். கோட்டைப் பார்த்ததும் சத்தம் அடங்கும். ஒரு பையன் தன் அப்பாவின் ஷூவை அதற்குள் வைத்துப் பார்த்தான், இன்னொருத்தி தன் புத்தகப் பையை வைத்தாள். அவ்வளவோடு விடுங்கள். குழந்தையை அட்டைப்பெட்டிக்குள் உட்கார வைத்து மூடுவது, ஒருவரை எசமானராகவும் இன்னொருவரை அடிமையாகவும் நடிக்க வைப்பது, விளையாட்டு ஏலம் நடத்துவது – எதுவும் கூடாது. அதில் வலி விளையாட்டாகிவிடும், அல்லது ஒரு குழந்தை நிஜமாகவே அவமானப்படும். வகுப்பில் கறுப்பினக் குழந்தை ஒன்று இருந்தால் அந்த வேடம் யாருக்குப் போகும் என்று யோசித்துப் பாருங்கள். இங்கே இதைச் செய்த பள்ளிகளும் உண்டு என்பதால்தான் அழுத்திச் சொல்கிறேன். ரிச்மண்ட் வருகிறவர்கள் கால்வாய்க் கரை நடைபாதையில் அந்தப் பெட்டியை உலோகத்தில் செய்து வைத்திருப்பதைப் பார்க்கலாம்.

கதையின் முடிவு மகிழ்ச்சியானது. ஹென்றிக்கு ஒரு பிறந்தநாள் கிடைக்கிறது, விடுதலை பெற்ற நாளே பிறந்தநாள். ஆனால் எந்தக் குழந்தையும் அங்கே விடாது. "நான்சி என்ன ஆனார்? குழந்தைகள் திரும்பக் கிடைத்தார்களா?" இல்லை என்று சொல்லுங்கள். அவர்கள் மறுபடி சேரவில்லை. 1850இல் தப்பியோடியவர்களைப் பிடித்துத் திருப்பித் தரும் சட்டம் கடுமையாக்கப்பட்டதும் ஹென்றி இங்கிலாந்துக்குப் போனார், மேடையில் மாயவித்தை காட்டிப் பிழைத்தார், 1897இல் கனடாவின் டொராண்டோவில் இறந்தார். பெட்டியை அனுப்ப உதவிய சாமுவேல் ஸ்மித் என்ற வெள்ளையர் பிறகு வேறு சிலரை அனுப்பும்போது பிடிபட்டு ஆறு ஆண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்தார். ஜேம்ஸ் ஸ்மித் என்ற சுதந்திரக் கறுப்பினத்தவர் ஒருவரும் அந்த உதவியில் பங்காளி, அவர் பெயரையும் விடாமல் சொல்லுங்கள். எல்லாம் சரியாகிவிட்டது என்று பொய் சொல்லித் தூங்க வைப்பதைவிட, உண்மையைச் சொல்லிவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பது நல்லது.

"அவர் ஏன் போலீஸிடம் போகவில்லை?" இதுவும் வரும். போலீஸும் நீதிமன்றமும் எசமானர் பக்கம் இருந்தன, சட்டமே அப்படித்தான் இருந்தது என்று சொல்ல வேண்டும். தப்பு செய்தால் போலீஸ் பிடிக்கும் என்று நாம்தான் சொல்லிக் கொடுத்திருக்கிறோம். சட்டமே தப்பாக இருந்த காலம் உண்டு, மனிதர்கள் போராடி அதை மாற்றினார்கள் என்பது அவர்கள் அறிய வேண்டிய பெரிய விஷயம்.

ஆங்கிலம் அவ்வளவாகப் பழகாத தாத்தா பாட்டிகள் வீட்டில் இருந்தால், ஹென்றி கோல் 2012இல் பென்சிலில் வரைந்த 'அன்ஸ்போக்கன்' என்ற புத்தகத்தை அவர்களிடம் கொடுங்கள். கதையில் ஒரு சொல் கூடக் கிடையாது. பண்ணை வீட்டுச் சிறுமி, அடுக்கி வைத்த சோளத் தட்டைகளுக்கு நடுவே ஒரு கண்ணை மட்டும் பார்க்கிறாள். யாரோ ஒளிந்திருக்கிறார்கள். அவள் யாரிடமும் சொல்லவில்லை, துணியில் சாப்பாடு கட்டிக்கொண்டு போய் வைக்கிறாள். தேடி ஆட்கள் குதிரையில் வருகிறார்கள். ஊரிலிருந்து வந்திருந்த ஒரு பாட்டி இதைத் தன் பேரனுக்குச் சொன்னதைக் கேட்டேன். கண் தெரியும் பக்கத்தில் நிறுத்தி, "யாராக இருக்கும் என்று நினைக்கிறாய்? பசித்திருக்குமா?" என்று கேட்டார். நான் இத்தனை நாள் வாசித்ததில் அதைவிடச் சரியான கேள்வியைக் கேட்டதில்லை.

புத்தகத்தைத் தேர்ந்தெடுக்கும்போது முகங்களைப் பாருங்கள். அடிமைகள் எல்லோரும் சிரித்துக்கொண்டே வேலை செய்யும் புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். அமெரிக்காவின் முதல் ஜனாதிபதி ஜார்ஜ் வாஷிங்டனுக்கு, அவருடைய அடிமையாக இருந்த சமையல்காரர் ஹெர்குலிஸும் மகளும் உற்சாகமாகப் பிறந்தநாள் கேக் செய்வதாக வந்த ஒரு படக்கதைக்கு எதிர்ப்புக் கிளம்ப, 2016 ஜனவரியில் பதிப்பாளரே அதைத் திரும்பப் பெற்றார். உண்மையான ஹெர்குலிஸ் 1797 பிப்ரவரி 22 அன்று, வாஷிங்டனின் பிறந்தநாளன்றே, தப்பிப் போனவர். சில வாரங்களில் வாஷிங்டனின் பண்ணைக்கு வந்த பிரெஞ்சு விருந்தினர் ஒருவரின் நாட்குறிப்பில் இது இருக்கிறது: ஹெர்குலிஸின் ஆறு வயது மகளிடம், அப்பாவை இனிப் பார்க்கவே முடியாதே, வருத்தமாக இருக்குமே என்று கேட்டிருக்கிறார்கள். எனக்கு மிகவும் சந்தோஷம், ஏனென்றால் அவர் இப்போது சுதந்திரமாக இருக்கிறார் என்று அந்தக் குழந்தை பதில் சொன்னது. கேக் கதையைக் கையில் எடுப்பதற்குப் பதில் இந்தச் செய்தியை வாய்மொழியாகவே சொல்லுங்கள். ஆறு வயதுக்காரர்களுக்கு ஆறு வயதுக்காரியின் பேச்சு அப்படியே போய்ச் சேர்கிறது.

நல்லவரான வெள்ளையர் ஒருவர் வந்து எல்லோரையும் காப்பாற்றிப் போவதாக முடியும் கதைகளிலும் எச்சரிக்கை தேவை. ஹாரியட் டப்மனைப் படித்தால் அந்தக் குறை தீரும். கரோல் பாஸ்டன் வெதர்ஃபோர்டு எழுதி, காதிர் நெல்சனே படம் வரைந்த 'மோசஸ்' 2006இல் வந்தது. 1849இல் தானே தப்பிய பெண், மற்றவர்களை அழைத்து வரத் அடிமை முறை இருந்த மேரிலாந்துக்குள் திரும்பத் திரும்ப நுழைந்தார். பழைய சிறுவர் நூல்கள் பல 19 பயணம், 300 பேர் என்று எழுதுகின்றன. இன்றைய ஆய்வாளர்கள் ஏறக்குறைய 13 பயணம், 70 பேர் என்கிறார்கள். சரியான எண்ணையே சொல்லுங்கள், அவருடைய துணிவு அதனால் குறைவதில்லை. உள்நாட்டுப் போரின்போது, 1863 ஜூனில், தென் கரோலினாவின் காம்பஹீ ஆற்றுப் படையெடுப்பில் வழிகாட்டி 700க்கும் மேற்பட்டவர்கள் விடுதலையாகத் துணைநின்றவரும் அவர்தான். ஒட்டுத்துணிப் போர்வைகளில் தப்பும் வழி ரகசியமாகத் தைக்கப்பட்டிருந்தது என்ற கதைக்கு வரலாற்றுச் சான்று கிடைக்கவில்லை. படம் அழகாக இருந்தால் பாருங்கள், இது கற்பனை என்று சொல்லிவிடுங்கள்.

ஒன்பது வயதுக்கு மேல்தான் நான் கப்பலுக்கு வருகிறேன். அதற்கு நிக்கோல் ஹன்னா-ஜோன்ஸும் ரெனே வாட்சனும் எழுதிய 'பார்ன் ஆன் த வாட்டர்' (2021) பொருத்தமானது. குடும்ப மரம் வரையச் சொன்ன வீட்டுப்பாடத்தில் ஒரு கறுப்பினச் சிறுமி மூன்று தலைமுறைக்கு மேல் போக முடியாமல் நிற்கிறாள். பாட்டி, ஆப்பிரிக்காவின் நிடோங்கோ நாட்டில் அவர்களுக்கு மொழியும் பயிரும் பாட்டும் இருந்ததை முதலில் சொல்கிறார், கப்பல் அதற்குப் பிறகே வருகிறது. 1619இல் வர்ஜீனியாக் கரையில் அவர்கள் இறக்கப்பட்டார்கள். எங்கள் வீடுகளிலிருந்து அந்த இடம் காரில் போகும் தூரம்தான். அட்லாண்டிக்கைத் தாண்டக் கப்பலேற்றப்பட்டவர்கள் மொத்தம் ஏறக்குறைய 1 கோடியே 25 லட்சம், உயிரோடு இறங்கியவர்கள் 1 கோடியே 7 லட்சம். இந்த எண்களை இந்த வயதில் சொல்லலாம். ஆஷ்லி பிரையன் 2016இல் செய்த 'ஃப்ரீடம் ஓவர் மீ'யும் இதே வயதுக்கு உரியது. 1828ஆம் ஆண்டின் ஒரு சொத்துப் பட்டியலில் மாடு, பன்றி, பருத்தியோடு சேர்த்து பதினொரு மனிதர்களின் பெயரும் விலையும் இருந்தன. பிரையன் அவர்கள் ஒவ்வொருவருக்கும் ஒரு முகம் வரைந்து, ஒரு கனவு எழுதினார். வாசிக்கும்போது விலையைச் சத்தமாகப் படிக்காதீர்கள். குழந்தை தானே பார்த்துக் கேட்கட்டும்.

இவற்றோடு கறுப்பினக் குழந்தைகள் பனியில் விளையாடுகிற, பல் விழுந்து அழுகிற, தம்பியோடு சண்டை போடுகிற புத்தகங்களும் வீட்டில் இருந்தே ஆக வேண்டும். நம் பிள்ளைகளின் வகுப்புத் தோழர்கள் அந்தக் குழந்தைகள்தான்.

"நம் ஊரில் இப்படி இருந்ததா?" என்று கேட்டால் இருந்தது என்று சொல்லுங்கள். 1659–61 காலத்துப் போரிலும் பஞ்சத்திலும் தஞ்சைக் கரையிலிருந்து டச்சுக்காரர்கள் ஆயிரக்கணக்கான தமிழர்களை அடிமைகளாக வாங்கி இலங்கைக்கும் ஜாவாவுக்கும் கொண்டுபோனார்கள். அன்னியரை மட்டும் குற்றம் சொல்லி முடித்துக்கொள்ள முடியாது. நம் ஊர் நிலவுடைமையாளர்களே, தீண்டாதவர் என்று ஒதுக்கிய சாதிகளைச் சேர்ந்த உழைப்பாளிகளை நிலத்தோடு சேர்த்து விற்றார்கள், அடமானம் வைத்தார்கள். 1843ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பிறகு நீதிமன்றங்கள் அடிமையுரிமையை ஏற்கவில்லை. ஆனாலும் கடனைக் காட்டி ஆளைக் கட்டிவைக்கும் வழக்கம் நீடித்ததால் 1976இல் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் தேவைப்பட்டது. அதற்குப் பிறகும் செங்கல் சூளைகளிலிருந்தும் அரிசி ஆலைகளிலிருந்தும் குடும்பங்கள் மீட்கப்படுகின்றன. சூளையில் பிறந்து வளரும் குழந்தை எந்தப் பள்ளிக்குப் போவது என்று யார் முடிவு செய்கிறார்கள் என்று உங்கள் பிள்ளைகளிடமே கேளுங்கள்.

அந்த வாழ்க்கையைச் சொல்லும் தமிழ்ப் படக்கதைகள் எனக்கு மிகக் குறைவாகவே கிடைக்கின்றன. அதனால் பெரிய வகுப்புப் பிள்ளைகளைக் கொண்டு நாங்களே செய்கிறோம். நான்கு தாள்களை நடுவில் மடித்து நூலால் தைத்தால் பதினாறு பக்கம். முதல் நான்கு பக்கங்களில் சங்கிலியோ சூளையோ வரக் கூடாது என்பது ஒன்றே விதி. அந்த மனிதரின் பெயர், அவருக்கு நன்றாக வரும் வேலை, பிடித்த சாப்பாடு, யாரோடு சிரித்துப் பேசுவார் என்பதை வரைந்து முடித்த பிறகுதான் மேலே போகலாம். இப்போது ஒரு பெண் செங்கல் அறுக்கும் அக்காவை வரைந்துகொண்டிருக்கிறாள். நான்காவது பக்கத்தில் அந்த அக்கா பாண்டி ஆடுகிறாள்.